தலைசிறந்தது என்பதற்குச் சான்று

என் மனைவி இறந்து ஓராண்டு ஆவதற்குள், அவளுடைய நாவலைப் பற்றி நான் எழுதிய ஒரு வாக்கியத்தை முன்பின் தெரியாத ஒருவர் அழித்துவிட்டார்.

இணையத்தில் இருக்கும் கலைக்களஞ்சியம் அது. யார் வேண்டுமானாலும் எழுதலாம், யார் வேண்டுமானாலும் திருத்தலாம். சிங்கப்பூரில் வேலை பார்க்கும் என் மகள் ஒரு ஞாயிற்றுக்கிழமை ஜொகூர் பாரு, பெர்மாஸ் ஜெயாவில் இருக்கும் எங்கள் வீட்டுக்கு வந்திருந்தபோது அதில் எனக்கொரு கணக்குத் திறந்து கொடுத்தாள். அம்மாவின் நாவலுக்கு ஒரு பக்கம் வேண்டும் என்பது எங்கள் இருவரின் ஆசை. நாவலின் பெயர், வெளிவந்த ஆண்டு, கதை நடக்கும் இடம் எல்லாம் எழுதிவிட்டுக் கடைசியாக ஒரு வரி சேர்த்தேன். ‘மலேசியத் தமிழில் எழுதப்பட்ட தலைசிறந்த நாவல்களுள் இதுவும் ஒன்று.’

‘தலைசிறந்த நாவல்’ என்று எழுதத்தான் கை போனது. அடக்கமாக இருக்கட்டும் என்று ‘களுள் இதுவும் ஒன்று’ என்பதைச் சேர்த்தேன்.

மறுநாள் வேலை முடிந்து வந்து பார்த்தபோது அந்த வரி மட்டும் இல்லை. அழித்தவர் பக்கத்திலேயே காரணம் எழுதியிருந்தார்: ‘சான்று இல்லாத புகழுரை நீக்கப்பட்டது.’

புகழுரை. அந்தச் சொல்லைப் பார்த்துக்கொண்டே சோற்றை ஆறவிட்டேன்.

அவள் காஹாங் பக்கத்தில் ஒரு செம்பனைத் தோட்டத்தில் பிறந்தவள். அவள் அம்மா மருந்தடிக்கும் கூட்டத்தில் இருந்தவர். முதுகில் மருந்து நிரப்பிய தோம்பைச் சுமந்துகொண்டு மரங்களுக்கிடையே புல்லுக்கு விஷம் தெளிக்கிற வேலை. என் மனைவி அந்த வீட்டிலிருந்து படித்து வந்து, ஜொகூர் பாருவில் ஒரு பாலர் பள்ளியில் ஆசிரியை ஆனாள். பிள்ளைகளுக்கு நிறம் தீட்டச் சொல்லிக்கொடுத்தவள், நாற்பது வயதுக்கு மேல் திடீரென்று ஒருநாள், “நான் ஒரு நாவல் எழுதப்போறேங்க” என்றாள். எங்கள் வீட்டில் அதுவரை யாரும் திருமணப் பத்திரிகைகூட எழுதியதில்லை. அதற்கும் அச்சகக்காரரே வாசகம் போட்டுக் கொடுத்துவிடுவார்.

“யாரைப் பத்தி?” என்று கேட்டேன்.

“மருந்தடிச்ச பொம்பளைங்களைப் பத்தி.”

பள்ளி விடுமுறைகளில் எழுதினாள். சாப்பாட்டு மேசையில் உட்கார்ந்து, மின்விசிறியை நிறுத்திவிட்டு எழுதுவாள். தாள் பறக்கிறது என்பாள். நாங்கள் வியர்த்துக்கொண்டு சாப்பிடுவோம். பாதிக்கு மேல் வந்திருந்தபோதுதான் மார்பில் கட்டி தெரிந்தது. அதன்பிறகு கீமோ. ஒரு முறை மருந்து ஏறி வந்தால் சில நாள் படுக்கை, பிறகு எழுந்து உட்கார்ந்து எழுத்து, மறுபடியும் மருந்து. அப்படியே முடித்தாள். முடித்த அன்று என்னைக் கூப்பிட்டு, “முடிஞ்சிருச்சுங்க” என்றாள். எது முடிந்தது என்று ஒரு கணம் எனக்குத் தூக்கிவாரிப் போட்டது.

குளுவாங்கில் ஒரு மண்டபத்தில் வெளியீடு வைத்தோம். அவள் தலையில் ஊதாத் துணி கட்டிக்கொண்டு மேடையில் உட்கார்ந்திருந்தாள். விமர்சன உரைக்கு ஒரு பெரியவர் வந்திருந்தார். ஓய்வுபெற்ற தலைமையாசிரியர். பத்திரிகைகளில் பல காலமாக நூல் விமர்சனம் எழுதியவர். அவர் வாயால் பாராட்டு வாங்குவது சுலபமில்லை என்று எல்லாரும் சொன்னார்கள். அவர் ஒலிவாங்கியைப் பிடித்துக்கொண்டு, “மலேசியத் தமிழ் நாவல்களில் தலைசிறந்தவற்றை ஒரு கை விரல்களில் எண்ணச் சொன்னால், அதில் ஒரு விரல் இந்த நாவலுக்கு” என்றார். மண்டபம் கைதட்டியது. என் மனைவி தலையைக் குனிந்துகொண்டாள்.

திரும்பி வரும்போது நெடுஞ்சாலையில் அவள் கேட்டாள்.

“அவர் சும்மா சொல்லலதானே?”

“அவர் ஏன் சும்மா சொல்லணும்? அவர் யாரையும் அப்படிச் சொன்னதில்லையாமே.”

“அதான். ஒரு விரல்னாரு.” தன் கையைத் தூக்கி விரல்களைப் பார்த்துக்கொண்டாள். “எந்த விரலா இருக்கும்?”

கடைசி மாதங்களில், வலி குறைந்திருக்கும் வேளைகளில், அதையே பேசினாள். பார்க்க வந்தவர்களிடம் நாவலைப் பற்றி ஒன்றும் சொல்லமாட்டாள். அவர்கள் போனபிறகு என்னிடம், “ஒரு விரல் எனக்குன்னு சொன்னாருல்ல” என்பாள். அந்த நம்பிக்கையோடுதான் போனாள். ஆகையால் நான் எழுதிய வரி என் கற்பனை இல்லை. அவள் கொண்டுபோனதைத்தான் எழுதினேன்.

கலைக்களஞ்சியத்தில் ஒவ்வொரு பக்கத்துக்கும் பின்னால் ஓர் உரையாடல் பக்கம் இருக்கிறது என்று மகள் காட்டினாள். அங்கே போய் எழுதினேன். ‘நாவலை வாசித்துவிட்டுப் பிறகு நீக்குங்கள்.’

பதில் வந்தது. ‘ஐயா, நான் வாசித்தாலும் என் கருத்து சான்று ஆகாது. உங்கள் கருத்தும் அப்படியே. ஒரு நாவல் தலைசிறந்தது என்று இங்கே நாம் தீர்ப்புச் சொல்வதில்லை. தகுதியுள்ள வேறு யாராவது சொல்லி, அது எங்காவது அச்சாகியிருந்தால், அவர் சொன்னார் என்று எழுதலாம்.’

கோபத்தில் நான் நீளமாக எழுதினேன். தமிழ்நாட்டு நாவல்களுக்கெல்லாம் இப்படிக் கேட்பீர்களா என்றுகூட எழுதினேன். அவர் பொறுமையாக, ‘எல்லாவற்றுக்கும் கேட்கிறோம்’ என்றார். கூடவே ஒரு கேள்வி: ‘நீங்கள் இந்நூலாசிரியருக்கு உறவினரா?’

‘கணவர்’ என்று எழுதினேன். ‘அவர் இறந்துவிட்டார்.’

இரண்டு நாள் கழித்துப் பதில் வந்தது. ‘உங்கள் இழப்புக்கு மனமார வருந்துகிறேன். ஆனால் நெருங்கிய உறவினர்கள் இதுபோன்ற பக்கத்தைத் தாங்களே எழுதாமல் இருப்பது நல்லது. சான்று கிடைத்தால் இங்கே தெரிவியுங்கள், நான் சேர்க்கிறேன்.’

அவர்மீது முழுதாகக் கோபப்படவும் என்னால் முடியவில்லை. தினமும் எல்லை தாண்டிப் போய்ச் சிங்கப்பூரில் நான் பார்க்கும் வேலையே அதுதான். மருத்துவமனைக் கருவிகளுக்கு உதிரிபாகம் செய்யும் ஆலையில் தரச் சோதனைப் பிரிவில் இருக்கிறேன். பொருள் எவ்வளவு பளபளப்பாக இருந்தாலும் சோதித்த தாள் கூடவே வராவிட்டால் உள்ளே விடமாட்டேன். “நல்ல சாமான்தான் லா, நம்புங்க” என்று சொல்லும் எத்தனையோ பேரைத் திருப்பி அனுப்பியிருக்கிறேன். இப்போது அந்தப் பக்கம் நின்றுகொண்டு, நல்ல சாமான்தான், நம்புங்கள் என்று கெஞ்சுகிறவன் நான்.

சரி, சான்று தேடுவோம் என்று இறங்கினேன். வெளியீட்டு விழாச் செய்தி ஒரு நாளிதழின் ஞாயிறு பதிப்பில் வந்திருந்தது. அதை எடுத்து நிதானமாக வாசித்தேன். தலைமை தாங்கியவர் யார், குத்துவிளக்கு ஏற்றியவர் யார், பொன்னாடை போர்த்தியவர் யார், முதல் நூலைப் பெற்றுக்கொண்டவர் யார், நன்றியுரை யார் எல்லாம் இருந்தது. வந்தவர்களுக்கு மதிய உணவு வழங்கப்பட்டது என்றும் இருந்தது. நாவல் எதைப் பற்றியது என்று ஒரு சொல் இல்லை. பெரியவரைப் பற்றி, ‘நூலை விமர்சித்துச் சிறப்புரை ஆற்றினார்’ என்று முடித்துவிட்டார்கள். அன்றைக்கு அதை வெட்டி எடுத்தபோது எனக்கு இது உறைக்கவே இல்லை. படத்தில் அவள் நன்றாக விழுந்திருக்கிறாள் என்று சந்தோஷப்பட்டேன்.

நூலை வாங்கிப்போனவர்களில் தெரிந்த சிலரைக் கேட்டேன். எல்லாரும் அன்பாகப் பேசினார்கள். “அருமையான நாவலாச்சே, அதை யாரு மறப்பா” என்றார் ஒருவர். எந்த இடம் பிடித்தது என்று கேட்டேன். “மொத்தமுமே நல்லாருந்துச்சுங்க” என்றார். நான் அதற்குமேல் கேட்கவில்லை.

மிச்சம் இருந்தது அந்தப் பெரியவர்தான். அவர் ஆயர் ஈத்தாமில் மகன் வீட்டில் இருப்பதாகச் சொன்னார்கள். பானைக் கடைகள் வரிசையாக இருக்கும் சாலையைத் தாண்டி உள்ளே போனால் வீடு. ஒரு சனிக்கிழமை காலை போனேன். முன்னறையில் சாய்வு நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். என் குரல் வந்த திசைக்கு முகத்தைத் திருப்பினாரே தவிர, கண்கள் என்மேல் நிற்கவில்லை.

“வாங்க தம்பி, வாங்க. பசியாறிட்டீங்களா?”

யார் என்று சொன்னேன். அவருக்கு ஞாபகம் இருந்தது. கோப்பி கொண்டுவரச் சொன்னார். என் மனைவி காலமானதைக் கேள்விப்பட்டதாகவும், வர முடியாமல் போனதென்றும் சொன்னார். பிறகு நான் விஷயத்துக்கு வந்தேன்.

“ஐயா, அன்னிக்கு மேடையில பேசினீங்கல்ல, அதை எங்கேயாச்சும் எழுதியிருக்கீங்களா?”

“என்ன பேசினேன்?”

மனப்பாடமாக இருந்ததைச் சொன்னேன். ஒரு கை, ஒரு விரல்.

அவர் நாற்காலியின் கைப்பிடியைத் தடவிக்கொண்டிருந்தார்.

“பேசியிருப்பேன்” என்றார். “தம்பி, உங்ககிட்ட மறைக்க ஒண்ணுமில்ல. புத்தகம் எனக்கு முந்தின நாள்தான் கையில கெடைச்சுச்சு. முன்னுரையைப் பார்த்தேன். ஆரம்பம் கொஞ்சம் படிச்சேன். அந்தப் பிள்ளைக்கு உடம்பு முடியலன்னு சொன்னாங்க. மேடைக்கு வந்து பார்த்தா, தலையில துணியைக் கட்டிக்கிட்டு உக்காந்திருக்கு. வேற என்னத்தைச் சொல்லச் சொல்றீங்க?”

கோப்பிக் கிண்ணத்தை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டேன். அவள் கடைசிவரை பிடித்துக்கொண்டிருந்தது இதைத்தானா என்று நினைத்தேன். நல்லவேளை அவள் கேட்கவில்லை என்றும் நினைத்தேன்.

அவர் என் மௌனத்தைத் தவறாகப் புரிந்துகொண்டார். “அதுக்கென்ன தம்பி, இப்ப எழுதிட்டாப் போச்சு. நான் சொல்றேன், நீங்க எழுதிக்குங்க. கையெழுத்துப் போடறேன். பத்திரிகையில என் பேருக்கு இன்னும் மரியாதை இருக்கு, போடுவாங்க. என்ன வரணும்? தலைசிறந்த நாவல்னு வரணும், அவ்வளவுதானே?”

அவ்வளவுதான். அது அச்சில் வந்தால் கலைக்களஞ்சியத்துக்காரர் மறுபேச்சுப் பேசாமல் ஏற்றுக்கொள்வார். தகுதியுள்ளவர், மூன்றாம் மனிதர், பெயர் போட்டது, அச்சானது. எல்லா விதியும் நிறைவேறிவிடும். வாசிக்காமல் எழுதியது என்பது எனக்கும் அவருக்கும் மட்டும்தான் தெரியும்.

என் சட்டைப்பையில் பேனா இருந்தது. எடுக்கவும் செய்தேன். ஆனால் எழுத முடியவில்லை. சோதிக்காமலே முத்திரை குத்திய தாள்களை நான் பார்த்திருக்கிறேன். அந்த மாதிரி ஒரு தாளை அவள் பெயரோடு சேர்த்து வைக்க எனக்கு மனம் வரவில்லை.

“படிச்சிட்டு எழுதுங்க ஐயா” என்றேன்.

“இப்பக் கண்ணு போயிருச்சே தம்பி. தலைப்பு எழுத்துகூடத் தெரியல.”

“நான் படிக்கிறேன். நீங்க கேளுங்க.”

அப்படித்தான் சனிக்கிழமைகளில் ஆயர் ஈத்தாமுக்குப் போக ஆரம்பித்தேன். அவளுடைய நாவலை நான் முன்பே வாசித்திருந்தேன். வாய்விட்டு வாசித்ததில்லை. வாய்விட்டு வாசிக்கும்போதுதான் அதில் அவள் அம்மா பேசும் விதம் அப்படியே இருப்பது கேட்டது. சில இடங்களில் நான் பேசுவதும் இருந்தது. ஒரு குடிகாரக் கணவனுக்கு என் வாய்ப்பேச்சைக் கொடுத்திருந்தாள். பெரியவர் சிரித்தார். “இது நீங்கதானே?” என்றார். நான் குடிப்பதில்லை என்று சொன்னதும் இன்னும் சிரித்தார்.

நடுவில் ஓர் அத்தியாயம் வருகிறது. மருந்தடித்துவிட்டு வீட்டுக்கு வரும் தாய், குளிக்காமல் குழந்தையைத் தொடமாட்டாள். அன்று தோட்டத்தில் தண்ணீர் வரவில்லை. கையெல்லாம் விஷம். உள்ளே குழந்தை பால் கேட்டு வீறிடுகிறது. அவள் வாசலுக்கு வெளியே நின்று, கைகளை உடம்பில் படாமல் தூக்கிப் பிடித்துக்கொண்டு, குழந்தையோடு பேசிக்கொண்டே இருக்கிறாள். அத்தியாயம் முழுக்க அந்தப் பேச்சுதான். வாசித்து முடித்தேன்.

“மறுபடியும் படிங்க” என்றார் பெரியவர்.

படித்தேன். இரண்டாவது முறை என் குரல் நடுவில் உடைந்தது. அவர் காத்திருந்தார். நான் சமாளித்துக்கொண்டு தொடர்ந்தேன்.

அன்று திரும்பும்போது எனக்குள் பெரிய நம்பிக்கை வந்துவிட்டது. மேடையில் அறியாமல் சொன்னதை அவர் இனி அறிந்து சொல்வார், ஒரு விரல் உண்மையாகிவிடும் என்று நினைத்தேன். காரில் தனியாக வாய்விட்டு அவளிடம் சொல்லிக்கொண்டே வந்தேன்.

நாவல் முடிந்த சனிக்கிழமை மழை. நான் கடைசிப் பக்கத்தைப் படித்துப் புத்தகத்தை மூடினேன்.

“தம்பி, பாராட்டு வேணும்னா அன்னிக்கே வாங்கியிருக்கலாம். நீங்க படிச்சிட்டுச் சொல்லச் சொன்னீங்க.”

“ஆமாங்க ஐயா.”

“அந்தத் தண்ணி வராத அத்தியாயம் இருக்கே, அதை எழுதினவங்க சாதாரண ஆளில்ல. அதை எந்த நாவலுக்குப் பக்கத்திலயும் வைக்கலாம். ஆனா நாவலை அப்படிச் சொல்ல முடியல. நல்ல நாவல். பின்பகுதி அவசரமாப் போயிருச்சு. ஆளுங்க வர்றாங்க, போறாங்க. மூத்த மகள் கல்யாணம் ஒரே வரியில முடியுது. அந்தத் தாயோட மூணு பிள்ளைங்களையும் அவ்வளவு அழகா வளர்த்துக்கொண்டுவந்து, கடைசியில விட்டுட்டாங்க.”

“அப்ப அவளுக்கு நேரம் இல்லைங்க ஐயா” என்றேன். என் குரல் எனக்கே பிடிக்கவில்லை.

“தெரியும். எனக்குத் தெரியுது.” கொஞ்சம் நிறுத்தினார். “ஆனா படிக்கிறவங்களுக்கு அது தெரியாதே, தம்பி.”

மழை விடும்வரை உட்கார்ந்திருந்தேன். அவர் சொல்லச் சொல்ல நானே எழுதினேன். ‘பின்பகுதி அவசரத்தில் எழுதப்பட்டதாகத் தோன்றுகிறது’ என்ற வரியை அவள் கணவனாகிய நான் என் கையால் எழுதினேன். எழுத்துப்பிழை வந்துவிடக்கூடாதே என்பதில் கவனமாக இருந்தேன்.

கட்டுரை ஓர் இலக்கிய இதழில் வந்தது. கலைக்களஞ்சியத்தின் உரையாடல் பக்கத்தில் இதழின் விவரத்தைக் கொடுத்தேன். அந்த மனிதர் சொன்னபடியே சேர்த்தார். இப்போது அந்தப் பக்கத்தில் இப்படி இருக்கிறது: நாவலின் ஓர் அத்தியாயம் எந்தச் சிறந்த நாவலுக்கும் இணையானது என்றும், பின்பகுதி அவசரமானது என்றும் விமர்சகர் ஒருவர் மதிப்பிட்டிருக்கிறார். அதன்கீழே சான்று. ‘முயற்சிக்கு நன்றி ஐயா’ என்று எனக்கும் ஒரு வரி எழுதியிருந்தார்.

மகள் அதைப் பார்த்துவிட்டுத் தொலைபேசியில் கூப்பிட்டாள்.

“என்னப்பா இது? அம்மாவைப் பத்தி இப்படிப் போட நீங்களே எடுத்துக் குடுத்தீங்களா?”

“அவர் படிச்சிட்டுச் சொன்னாரும்மா.”

“படிக்காம சொன்னதே நல்லாருந்துச்சே! கீமோ எடுத்துக்கிட்டு எழுதினாங்கப்பா. வாந்தி எடுத்துட்டு வந்து எழுதினாங்க. அவசரமாம்!”

அழுதாள். நான் தடுக்கவில்லை. அவள் சொன்னதில் பொய் ஒன்றுமில்லை. பெரியவர் சொன்னதிலும் இல்லை. பல வாரங்கள் அவள் வீட்டுக்கு வரவில்லை. இப்போது வருகிறாள், அதைப் பற்றிப் பேசுவதில்லை.

அந்தத் தொலைபேசி அழைப்புக்குப் பிறகு ஒருநாள் விடுப்பு எடுத்துக்கொண்டு, பின்பகுதியை மட்டும் நான் தனியாக வாசித்தேன். பட்டப்பகல். பக்கத்து வீட்டில் யாரோ புல் வெட்டிக்கொண்டிருந்தார்கள். மூத்த மகளின் கல்யாணம் வந்தது. உண்மையில் ஒரே வரி. ‘தை மாதம் அவளுக்குக் கல்யாணம் ஆனது.’ அந்தக் கல்யாணத்தை எப்படி எழுதப்போகிறேன் என்று அவள் ஒருமுறை மருத்துவமனை வாகன நிறுத்துமிடத்தில் எனக்குச் சொல்லியிருக்கிறாள். தோட்டத்தில் எல்லாரும் பந்தல் போடுவார்கள், மணப்பெண்ணின் அம்மா மட்டும் தன் கையில் மருந்து வாசம் போகவில்லை என்று தாலிக்கொடியைத் தொடமாட்டேன் என்பாள், மகள் அந்தக் கையை இழுத்துத் தன் கன்னத்தில் வைத்துக்கொள்வாள் என்று கதையாகச் சொன்னாள். காரில் ஏறும்போது, “எழுதினா அழுதிருவாங்கல்ல?” என்று கேட்டாள். எழுதவில்லை. வாக்கியங்கள் போகப் போகச் சின்னதாகிக்கொண்டே வந்தன. இரண்டு சொல், மூன்று சொல். எந்த வாக்கியம் எந்த மருந்துக்குப் பிறகு எழுதியது என்று எனக்கு அடையாளம் தெரிய ஆரம்பித்தது. அதற்குமேல் வாசிக்க முடியாமல் குளியலறைக்குப் போய்க் குழாயைத் திறந்துவிட்டு அழுதேன்.

இதழின் பிரதியை எடுத்துக்கொண்டு பெரியவரைப் பார்க்கப் போனேன். அவருடைய கட்டுரையை அவருக்கே வாசித்துக் காட்டினேன். கவனமாகக் கேட்டார். ஒரு சொல்லை மாற்றியிருக்கலாம் என்றார். கோபமா என்று என்னைக் கேட்கவில்லை. கிளம்ப எழுந்தபோது என் கையைத் தேடிப் பிடித்துக்கொண்டார்.

“அந்தப் பிள்ளை வேற எதுவும் எழுதியிருக்கா தம்பி? இருந்தாக் கொண்டாங்க, படிங்க. கேக்கணும்போல இருக்கு.”

“இல்லைங்க ஐயா” என்றேன். “அவ்வளவுதான்.”